திறந்த வெளியில் விறகடுப்பு: அபாயமின்றிக் கையாளும் முறை

வீட்டுக்குள் விறகடுப்பு எரிந்தால் புகையும் உஷ்ணமும் மிகும் என்பது கருதி, பெருஞ்சமையலையும், நெல் அவிப்பதையும், வெந்நீர் காய்ச்சுவதையும் வெளிமுற்றத்தில் செய்துவருவது தமிழ்நாட்டில் நெடுங்கால வழக்கம். சமையல் எரிவாயு பெரும்பாலான வீடுகளுக்கு வந்துவிட்ட இந்நாளிலும், கலியாணம், கருமாதி, கோயில் திருவிழா, பொங்கல் ஆகியவற்றுக்கு விறகடுப்பை மூட்டுவோர் பலர். அடுப்பை வெளியில் வைத்துவிட்டதனாலேயே அபாயம் நீங்கிவிட்டதென்று எண்ணுவோரும் பலர். அவ்வெண்ணம் சரியன்று. வீட்டினுள் எரியும் நெருப்புக்குச் சுவர் ஓர் எல்லையாக நிற்கிறது. வெளியில் எரியும் நெருப்புக்கு அவ்வித எல்லை கிடையாது; காற்று எத்திசையில் அடிக்கின்றதோ அத்திசையில் பொறி செல்லும். ஆகவே வெளியடுப்பை ஆள விரும்புவோர் முதலிற் காற்றையும், பின்னர் இடத்தையும், கடைசியாகத் தணலையும் கவனிக்க வேண்டும். இம்மூன்றையும் பற்றிய விவரங்கள் இங்கே கூறப்படுகின்றன.

மேனாம்பேட்டின் நிலை

அம்பத்தூரை அடுத்த மேனாம்பேடு முற்காலத்துச் செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்தது. ஏரிப்பாசன நன்செய்கள் நிறைந்திருந்த அவ்வட்டாரத்தில் 1964-ஆம் ஆண்டில் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை ஏற்பட்டது. 2011-ஆம் ஆண்டில் அம்பத்தூர் நகராட்சி சென்னை மாநகராட்சியுடன் இணைக்கப்பட்டது. வயல்கள் மனைகளாயின, மனைகள் வீடுகளாயின. முன்பு வீட்டுக்கும் வைக்கோற்போருக்கும் இடையே தாராளமான வெளி இருந்தது. இப்பொழுது ஒரு வீட்டின் மதிலும் அடுத்த வீட்டின் மதிலும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்கின்றன. ஆனால் அடுப்பு மட்டும் பழைய அளவிலேயே இருந்துவருகிறது. ஆடி மாதத்தில் அம்மன் கோயில்களில் கூழ் காய்ச்ச ஏற்றப்படும் அண்டா, தெரு குறுகிற்று என்பதற்காகத் தானும் சிறுத்துவிடவில்லை.

இந்நிலை மேனாம்பேட்டுக்கு மாத்திரம் உரியதன்று. ஆவடி, பூந்தமல்லி முதலிய இடங்களைச் சுற்றியுள்ள கிராமங்களிலும் நன்செய்க்கு நடுவே மனைப்பிரிவுகள் தோன்றிவருகின்றன. ஒரு பக்கம் களமும் வைக்கோலும், மறுபக்கம் நெருங்கிய வீடுகளும் உள்ள ஊர்களில் வெளியடுப்பினால் நேரக்கூடிய கெடுதி இரட்டிப்பாகும். ஆதலின் நிலமுடையோரும் கிராம அலுவலர்களும் இதனைச் சிறு விஷயமெனத் தள்ளிவிடுதல் ஆகாது.

காற்றின் போக்கு

ஆடிக்காற்றில் அம்மியும் பறக்கும் என்பது பழமொழி. கூழ் காய்ச்சும் மாதமும் அதுவே. இவ்விரண்டும் ஒரே காலத்தில் அமைந்திருப்பதால், அம்மாதத்தில் வெளியடுப்பு மூட்டுவோர் மற்ற மாதங்களைவிட அதிக எச்சரிக்கையுடன் இருத்தல் வேண்டும்.

மேனாம்பேடு கடற்கரையிலிருந்து ஏறக்குறைய 15 கிலோமீட்டர் உள்ளே இருக்கிறது. ஜூன் முதல் செப்டம்பர் வரையில் இப்பகுதியில் காலை வேளையில் பெரும்பாலும் மேல்காற்று வீசும். வெயில் ஏறித் தரை சூடடைந்த பின், பிற்பகலில் கடற்காற்று கிழக்கிலிருந்தோ தென்கிழக்கிலிருந்தோ உள்ளே புகும். ஒரே நாளில் காற்று ஏறத்தாழ எதிர்த்திசைக்குத் திரும்பிவிடுகிறது. இதன் விளைவு யாதெனில், காலையிற் பத்திரமாயிருந்த இடம் பிற்பகலிற் பத்திரமாயிராது. மேற்கே தட்டி மறைத்து, அடுப்புக்கு மேற்புறமாக விறகை அடுக்கி, அங்கேயே பந்தலும் போட்டு ஒருவர் காலையில் வேலை தொடங்குகிறார் என்று கொள்வோம். காலை முழுதும் பொறிகள் கிழக்கே பறந்து வெறுந்தரையில் விழுகின்றன. கடற்காற்று வந்தவுடன் அதே பொறிகள் விறகின்மீதும் பந்தலின்மீதும் விழத் தொடங்கும். சமைப்போர் வேலை மும்முரத்தில் இம்மாறுதலைக் கவனிப்பதில்லை.

இதற்குச் செய்யத்தக்க ஏற்பாடுகள் சில. முதலாவது, சமையலை விடியுமுன் தொடங்கி, வெயில் ஏறுமுன் முடித்துவிடுதல். இரவின் கடைசி யாமத்திலும் விடியற்காலையிலும் காற்று பொதுவாகத் தணிந்திருக்கும். இரண்டாவது, அடுப்பின் வாயைக் காற்றுக்குக் குறுக்காக அமைத்தல். வாய் காற்றை எதிர்நோக்கியிருந்தால் சுவாலை பின்புறமாகப் பீறிட்டு வெளியேறும். காற்றுக்குப் புறங்காட்டியிருந்தால் சுவாலையும் புகையும் விறகு தள்ளுவோர் முகத்தில் அடிக்கும். மேல்காற்றும் கடற்காற்றும் மாறி வரும் மாதங்களில் வாய் வடக்கையோ தெற்கையோ நோக்கியிருப்பது நலம். மூன்றாவது, மேற்கிலும் கிழக்கிலும் ஆகிய இருபுறங்களிலும் மறைப்பு வைத்தல். மறைப்பு தகரமாகவோ செங்கல்லாகவோ இருக்க வேண்டும். கீற்றுத் தட்டியும், பிளாஸ்டிக் படுதாவும், சாமியானாத் துணியும் மறைப்பாகா. அவையே நெருப்புக்கு இரையாகிவிடும்.

அடுப்பு மூட்டுமுன் ஒரு கழியில் துணிக்கிழிசல் ஒன்றைக் கட்டி, எல்லோர் கண்ணிலும் படும்படி நட்டுவைப்பது எளிய முறை. கிழிசல் திசை மாறி ஆடத் தொடங்கினால் காற்று மாறிவிட்டதென்று சமைப்போர் உடனே அறிவர். சருகு சுழன்றெழும்படி காற்று அடிக்கும் வேளையில் அடுப்பு மூட்டாதிருப்பதே உத்தமம். அடுப்பு முன்னரே எரிந்துகொண்டிருந்தால் விறகை வெளியிலிழுத்து அணைத்துவிட்டு, காற்று தணிந்த பிறகு மறுபடியும் மூட்டலாம். சமையல் தாமதமானால் நஷ்டம் ஒரு மணி நேரம். போர் பற்றினால் நஷ்டம் ஒரு வருஷத்துக் கால்நடைத் தீவனம்.

இடந்தேர்தல்

வைக்கோற்போர், கூரை வீடு, மாட்டுக்கொட்டகை, கீற்றுப்பந்தல் ஆகியவற்றிலிருந்து அடுப்பு குறைந்தது 30 அடி விலகியிருக்க வேண்டும். காற்று அவற்றை நோக்கி வீசும் இடமானால் 50 அடியும் அதிகமன்று. நவரை நெல் அறுவடையாகும் கோடையில் களத்தில் வைக்கோல் மிகவும் உலர்ந்திருக்குமாதலால், களத்தின் ஓரத்தில் தேநீருக்காகக்கூட அடுப்பு மூட்டலாகாது.

கூரையும் அடுப்பும் அருகருகே இருந்தால் என்ன நேரும் என்பதைத் தமிழ்நாடு 2004-ஆம் ஆண்டில் கண்டது. அவ்வாண்டு ஜூலை 16-ஆம் தேதி கும்பகோணத்தில் ஒரு பள்ளியின் சமையற்கூடத்தில் எழுந்த தீ, கூரையைப் பற்றி, வகுப்புகள் நடந்துகொண்டிருந்த மேல்மாடியின் கீற்றுக்கூரைக்கும் பரவியது. 94 குழந்தைகள் உயிரிழந்தனர். அதன் பின்னர்ப் பள்ளிகளிலிருந்த கீற்றுக்கூரைகளை அகற்றும்படி அரசு உத்தரவிட்டது. பள்ளிகளுக்குக் கூறிய அந்த விதி வீட்டு முற்றத்துக்கும் களத்துக்கும் திருவிழாப் பந்தலுக்கும் ஒக்கும். உலர்ந்த கீற்றில் விழுந்த தீ பரவும் வேகத்துக்கு மனிதர் ஓடும் வேகம் ஈடாகாது.

இடையே 30 அடி விட வசதியில்லாத நெருங்கிய தெருக்களில் அடுப்பைத் தெருவின் நடுவில் வைத்துச் சமாளிப்பதைவிட, கோயில் மைதானத்தையோ, ஊருக்குப் பொதுவான திடலையோ சமையலுக்கென ஒதுக்கிக்கொள்வது மேல். சமைத்த உணவை வண்டியில் ஏற்றிவருவது கஷ்டமான காரியமன்று.

மேலே அண்ணாந்து பார்ப்பதும் இடந்தேர்தலில் ஒரு பகுதி. மின்கம்பிகளுக்கும், தொலைக்காட்சிக் கம்பிகளுக்கும், உலர்ந்த மட்டை தொங்கும் தென்னை பனைகளுக்கும் அடியில் அடுப்பு கூடாது. எரிவாயு உருளையையும் விறகடுப்பையும் ஒரே சமையலிடத்தில் வைத்துப் புழங்குவது இக்காலத்தில் பெருகிவருகிறது. சமையல் எரிவாயு காற்றைவிடக் கனமானது; கசிந்தால் மேலே போகாமல் தரையோடு ஊர்ந்து பள்ளத்தில் தங்கும். கோட்டை அடுப்போ பள்ளத்திலேயே எரிவது. ஆகவே உருளைகளை விறகடுப்புக்கு எட்டாத தூரத்தில், முடிந்தால் மேடான இடத்தில், நிழலில் நிறுத்த வேண்டும்.

தரையையும் சோதிக்க வேண்டும். சிமெண்டுத் தளத்தின்மீது நேராக நெருப்பு மூட்டினால், தளத்தினுள் இருக்கும் ஈரம் ஆவியாகிச் சில்லுகள் வெடித்துத் தெறிக்கும்; கண்ணுக்கும் காலுக்கும் கேடு. தளத்தைத் தவிர்க்க முடியாதபோது நான்கு அங்குல கனத்துக்கு மணலைப் பரப்பி, அதன்மீது செங்கல் பாவி, அதன்மேல் அடுப்பு வைக்கலாம். ஆற்றிலும் ஏரியிலும் எடுத்த ஈரக் கற்களை அடுப்புக்கல்லாக வைத்தாலும் இவ்வாறே வெடிக்கும். அடுப்பைச் சுற்றி ஆறடிக்குச் சருகு, செத்தை, உமி இல்லாமல் பெருக்கித் தண்ணீர் தெளிக்க வேண்டும்.

அடுப்பு அமைத்தல்

மூன்று கல்லை முக்கோணமாக வைத்து எரிக்கும் அடுப்பில் விறகின் உஷ்ணத்தில் பெரும்பகுதி வீணாகிறது. பாத்திரத்தைச் சேர்வது நூற்றுக்குப் பத்து அல்லது பதினைந்து பங்கே. எஞ்சியது காற்றோடு போகிறது. அவ்வாறு போகும் சுவாலையே பொறிகளையும் சுமந்து செல்கிறது. ஆகையால் விறகை மிச்சப்படுத்தும் அடுப்பே அபாயம் குறைந்த அடுப்பும் ஆகும். ஹைதராபாத்தில் எஸ். பி. ராஜு என்னும் பொறியியலறிஞர் புகைபோக்கியுடன் கூடிய மண் அடுப்பொன்றை வகுத்து, அதனை விளக்கும் நூலை 1953-ல் வெளியிட்டார். மேம்பட்ட அடுப்புகளைப் பரப்பும் தேசியத் திட்டத்தை மத்திய அரசு 1983-ல் தொடங்கிற்று. இவை வீட்டுச் சமையலைக் கருதியவை. எனினும் சுவாலையைச் சுவருக்குள் அடக்கி, அதனைப் பாத்திரத்தின் அடியிலேயே தங்கச் செய்ய வேண்டும் என்னும் அடிப்படை வெளியடுப்புக்கும் பொருந்தும்.

ஒரு பாத்திரத்துக்கு மூன்று புறம் செங்கற்சுவர் எழுப்பி, மண்ணும் உமியும் பிசைந்து பூசி, ஒரு புறம் மட்டும் வாய் விடலாம். பாத்திரம் சுவரின்மேல் நேராக அமராமல் மூன்று குமிழ்களின்மேல் அமர்ந்து, சுற்றிலும் அரை அங்குலம் சந்து இருக்க வேண்டும். சந்து இல்லாவிடில் புகை வாய்வழியே திரும்பும். சந்து மிகுந்தால் சுவாலை பக்கவாட்டில் எழும்பிச் சமைப்போரின் ஆடையைத் தொடும். விறகு தரையோடு ஒட்டிக் கிடக்காமல், இரும்புக் கம்பிகளின்மேல் இரண்டு மூன்று அங்குலம் உயர்ந்திருந்தால் அடியிலிருந்து காற்று சென்று நன்றாக எரியும், புகையும் குறையும்.

பல அண்டாக்களை வரிசையாக ஏற்றும் கோட்டை அடுப்புக்குப் பள்ளம் தோண்டும்போது ஒன்றரை அடி ஆழம் போதும். பள்ளத்தின் இரு கரைகளும் இடியாத கெட்டி மண்ணாக இருக்க வேண்டும். மணற்பாங்கான இடத்தில் செங்கல் கட்டியாக வேண்டும். 100 லிட்டர் கூழ் உள்ள பாத்திரம் 100 கிலோவுக்குக் குறையாத பாரம். கரை ஒரு புறம் சரிந்தால் அவ்வளவும் கொதிநிலையில் சமைப்போர் காலில் கொட்டும். நெருப்பு மூட்டுமுன் பாத்திரம் நிறையத் தண்ணீர் ஊற்றி அடுப்பின்மேல் ஏற்றி, ஒருவர் பக்கவாட்டில் தள்ளிப் பார்ப்பது அவசியமான சோதனை. அசையும் அடுப்பில் உலை வைக்கலாகாது.

விறகு

புதிதாக வெட்டிய மரத்தின் எடையில் ஏறக்குறைய பாதி தண்ணீரே. அத்தண்ணீரை ஆவியாக்குவதிலேயே உஷ்ணம் செலவாகிறது; புகையும் மிகுகிறது; புகைகிற அடுப்பை எரியச் செய்ய ஒருவர் மண்ணெண்ணெய் தேடுகிறார்; விபத்து அங்கே தொடங்குகிறது. பிளந்து, அடுக்கி, மழை படாமல் சில மாதம் உலரவிட்ட விறகில் ஈரம் நூற்றுக்கு 15 முதல் 20 பங்காகக் குறைந்துவிடும். நம் கரையோர மணற்பாங்கில் பயிராகும் சவுக்கு விறகுக்குப் பேர்போனது. சீமைக்கருவேல், புளி முதலியவையும் நின்று எரிந்து நல்ல தணல் கொடுக்கும். சவுக்கு மிலாறு, தென்னை ஓலை, பனையோலை ஆகியவை மூட்டுவதற்கு மட்டும் உதவும். அவற்றைத் தொடர்ந்து எரித்தால் சுவாலை உயர்ந்து, எரியும் துண்டுகள் காற்றிற் பறக்கும். மூங்கிலைக் கணு உடைக்காமல் எரித்தால் உள்ளிருக்கும் காற்று விரிந்து வெடிக்கும்.

சில பொருள்களை அடுப்பில் இடவே கூடாது. அரளிக் கட்டையின் புகை விஷமுடையது. வண்ணம் பூசிய பலகை, ஒட்டுப்பலகை, பிளாஸ்டிக், டயர் ஆகியவற்றின் புகையும் கெடுதி செய்யும். பூச்சிமருந்து வந்த பைகளையும் புட்டிகளையும் அடுப்பில் போடும் வழக்கம் சிலரிடம் இருக்கிறது. அது உணவருகே விஷப்புகை எழுப்புவதாகும். அதை அறவே நிறுத்த வேண்டும்.

மண்ணெண்ணெயையோ பெட்ரோலையோ எரியும் அடுப்பிலும், அணைந்ததுபோல் தோன்றும் அடுப்பிலும் ஊற்றலாகாது. சூடான தணலின்மேல் விழுந்த எண்ணெய் முதலில் ஆவியாகி, பிறகு ஒரே கணத்தில் பற்றி, ஊற்றிய கைவழியே டப்பாவுக்குள் ஏறும். மூட்டுவதற்கு உலர்ந்த சுள்ளியும், தேங்காய் நாரும், ஒரு துண்டு சூடமும் போதும்.

எரியும்போது கவனிக்க வேண்டியவை

அடுப்பு எரியும் வரையில் அதற்கெனவே ஒருவர் பொறுப்பாளராக இருக்க வேண்டும். எல்லோரும் பார்த்துக்கொள்வார்கள் என்று விட்ட அடுப்பை ஒருவரும் பார்ப்பதில்லை. பொறுப்பாளருக்கு அருகில் இரண்டு வாளித் தண்ணீர், ஒரு வாளி மணல், நனைத்த கோணிச் சாக்கு ஆகியவை எப்பொழுதும் இருத்தல் வேண்டும். அவ்வாளித் தண்ணீரைப் பாத்திரம் கழுவ எடுக்க விடலாகாது.

நீண்ட கட்டைகளை முழுதாக வாய்க்குள் செருகி, எரிய எரியத் தள்ளிவிடுவது பலர் வழக்கம். வெளியில் நீண்டிருக்கும் கட்டையில் கால் இடறினால் கொள்ளி வெளியே வந்து விழும். வாய்க்கு வெளியே ஒரு முழத்துக்கு மேல் நீளாதபடி விறகை அறுத்துக்கொள்வது நலம். விறகுக் குவியல் அடுப்பிலிருந்து பத்தடி தள்ளியே இருக்கட்டும்.

சமைப்போர் இறுக்கமான பருத்தி ஆடை உடுத்தி, முந்தானையைச் செருகிக்கொள்ள வேண்டும். நைலான், பாலியெஸ்டர் ஆடைகள் தீப்பட்டால் உருகித் தோலோடு ஒட்டிக்கொள்ளும். குழந்தைகள் அணுகாதபடி அடுப்பைச் சுற்றி ஐந்தடி தூரத்தில் கயிறு கட்டிவிடலாம். கூழ் கெட்டியாகும் தறுவாயில் குமிழியிட்டுத் தெறிக்குமாதலால், நீண்ட காம்புள்ள துடுப்பினால் கிளற வேண்டும். கொதிக்கும் அண்டாவை இறக்குமுன் அடியிலுள்ள விறகை வெளியே இழுத்து அணைத்து, கொண்டுபோகும் வழியில் ஆளும் பொருளும் இல்லாதபடி ஒழித்துக்கொள்வது முறை.

வடை, அப்பளம் பொரிக்கும் கடாயில் எண்ணெய் பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றுவதைப்போல் தவறான செயல் வேறில்லை. தண்ணீர் ஆவியாகும்போது ஏறக்குறைய 1,700 மடங்கு விரிகிறது. எண்ணெய்க்கு அடியில் அமிழ்ந்த தண்ணீர் அவ்வாறு விரிந்து, எரியும் எண்ணெயைச் சுற்றிலும் வாரியிறைக்கும். கடாயை மூடக்கூடிய தகரமூடி ஒன்றைப் பக்கத்திலேயே வைத்திருந்து, அதனால் மூடி, அடியிலுள்ள நெருப்பை இழுத்துவிட்டால் காற்றில்லாமல் தீ தானே அவியும். ஆறும் வரையில் மூடியைத் திறத்தல் கூடாது.

மழையும் பனியும்

ஐப்பசி, கார்த்திகையில் திடீரென மழை பெய்தால், எரியும் அடுப்பையும் தணல் சட்டியையும் தாழ்வாரத்துக்கோ அறைக்கோ இழுத்துச் செல்லுகின்றனர். இது கண்ணுக்குத் தெரியாத அபாயம். புகையே இல்லாத தணலிலிருந்தும் கார்பன் மோனாக்சைடு என்னும் வாயு வெளிப்படுகிறது. அதற்கு நிறமில்லை, மணமில்லை. அது பிராணவாயுவைவிட இருநூறு மடங்குக்கு மேல் வலிமையுடன் இரத்தத்தைப் பற்றிக்கொள்ளுமாதலால், மூடிய அறையில் உறங்குவோர் விழிக்காமலே இறந்துபோகக்கூடும். தணலை எக்காரணத்தாலும் அறைக்குள் கொண்டுபோகலாகாது. மழைக்காலத்தில் சமையல் நடத்த நேர்ந்தால், நாற்புறமும் திறந்த உயரமான தகரக் கொட்டகையை முன்னரே ஏற்பாடு செய்துகொள்ள வேண்டும்.

தை மாதத்தில் நிலைமை வேறு. அப்பொழுது விடியற்காலையில் காற்று அசைவதில்லை. தரையருகே குளிர்ந்த காற்று தங்கிவிடுவதால் புகை மேலெழாமல் படர்ந்து நிற்கும். 2018-ஆம் ஆண்டு போகியன்று சென்னையில் பனியும் புகையும் கலந்து விமானப் போக்குவரத்தே தடைப்பட்டது. ஆடியில் காற்றே கெடுதி. தையில் காற்றின்மையே கெடுதி. பொங்கல் அடுப்புக்கு நன்கு உலர்ந்த விறகையே பயன்படுத்தி, முதியோரும் காசநோய், ஆஸ்துமா உடையோரும் குழந்தைகளும் புகைபடாத இடத்தில் இருக்கும்படி செய்ய வேண்டும். வீட்டுச் சமையற் புகையினால் 2020-ஆம் ஆண்டில் உலகமெங்கும் 32 லட்சம் பேர் மாண்டனர் என்று உலக சுகாதார நிறுவனம் மதிப்பிட்டிருக்கிறது. அடுப்பை வெளியில் வைப்பது புகையைக் குறைக்கும். ஆனால் முகத்தை அடுப்புக்குள் நீட்டி ஊதுவோருக்கு அந்த நன்மை கிட்டாது. ஊதுகுழல் நீளமாக இருக்கட்டும்.

தணலும் சாம்பலும்

சமையல் முடிந்து, பந்தி நடந்து, எல்லோரும் களைத்திருக்கும் வேளையே கவனம் தளரும் வேளை. நீறு பூத்த நெருப்பு என்று முன்னோர் சொல்லிவைத்தது வெறும் உவமையன்று. சாம்பல் உஷ்ணத்தை வெளியே விடாமல் போர்வைபோல் மூடிக்கொள்வதால், மேலே வெளுத்துக் குளிர்ந்து தோன்றும் குவியலின் உள்ளே ஒரு நாளுக்கு மேலும் கங்கு உயிரோடிருக்கும். இரவிற் காற்று எழுந்து சாம்பலைக் கலைத்தால், அக்கங்கு வைக்கோலைத் தேடிச் செல்லும். வெறுங்காலுடன் விளையாட வரும் குழந்தைகளுக்கும் மறுநாட் காலையில் இதனாலேயே தீக்காயம் உண்டாகிறது.

அணைக்கும் முறையாவது: எரியும் கட்டைகளை வெளியே இழுத்துத் தனித்தனியே நனைக்க வேண்டும். தணலைக் கம்பியாற் பரப்பி, தண்ணீரைச் சிறிது சிறிதாகத் தெளிக்க வேண்டும். ஒரு வாளித் தண்ணீரை ஒரேயடியாகக் கொட்டினால் ஆவியும் சுடுசாம்பலும் முகத்தில் அடிக்கும். தெளித்த பின் கிளறி, மறுபடியும் தெளித்து, புறங்கையை அருகில் நீட்டிப் பார்த்து, சூடு தெரியாத வரையில் இவ்வாறே செய்ய வேண்டும். மணலை மேலே மூடிவிட்டுப் போவது அணைத்ததாகாது. அது நெருப்பை ஒளித்துவைத்ததாகும்.

சாம்பலை அன்றே எருக்குழியிலோ குப்பைமேட்டிலோ கொட்டலாகாது. மூடியுள்ள தகரப் பாத்திரத்தில் இரண்டு நாள் வைத்திருந்து, பிறகு நிலத்துக்கு எடுத்துச் செல்லலாம். மரச்சாம்பலில் சாம்பல் சத்தும் சுண்ணாம்பும் உண்டு, தழைச்சத்து எரிந்துபோய்விடும். காரத்தன்மை உடையதாதலால், யூரியாவுடனோ அம்மோனியம் சல்பேட்டுடனோ அதனைக் கலந்தால் தழைச்சத்து அம்மோனியாவாக வெளியேறி வீணாகும். தனியே தூவுவதே முறை. இந்திய விவசாயத்தை ஆராய்ந்து 1893-ல் அறிக்கை வெளியிட்ட டாக்டர் வோல்க்கர், சாணத்தை எரிக்காமல் நிலத்துக்கு இட வேண்டும் என்றும், அதற்காகக் குடியானவர்களுக்கு விறகு கிடைக்கச் செய்ய வேண்டும் என்றும் வற்புறுத்தினார். வறட்டியை மிச்சப்படுத்தி விறகை எரித்து, அச்சாம்பலையும் நிலத்துக்குத் திருப்புவது அவ்விதக் கருத்துக்கு இயைந்ததே. ஆயினும் ஆறாத சாம்பல் எருவன்று, நெருப்பே என்பதை மறத்தல் ஆகாது.

தீக்காயம் நேர்ந்தால்

ஆடையில் தீப்பிடித்தவர் ஓடலாகாது. ஓடினால் காற்றினால் தீ வளரும். உடனே தரையிற் படுத்துப் புரள வேண்டும். அருகிலிருப்போர் நனைத்த சாக்கினாலோ கம்பளியினாலோ மூடி அணைக்கலாம். தீ அணைந்தபின், காயத்தின்மீது குழாய்த் தண்ணீர் போன்ற சாதாரணக் குளிர்ந்த தண்ணீரை 20 நிமிஷம் ஊற்றிக்கொண்டிருக்க வேண்டும். வளையல், மோதிரம் ஆகியவற்றை வீக்கம் ஏற்படுமுன் கழற்றிவிட வேண்டும். தோலோடு ஒட்டிய துணியைப் பிய்த்தெடுக்கக் கூடாது. மை, பற்பசை, எண்ணெய், மஞ்சள், மாவு, பனிக்கட்டி ஆகிய எதையும் வைத்தலாகாது. சுத்தமான துணியால் தளர்வாக மூடி, 108 எண்ணுக்கு அழைத்து மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டும். முகம், கை, மூட்டு ஆகியவற்றில் பட்ட காயமும், குழந்தைகளுக்கு நேர்ந்த காயமும் சிறிதாகத் தோன்றினாலும் மருத்துவர் பார்த்தேயாக வேண்டும்.

கிராம அலுவலர்கள் செய்யத்தக்கவை

பரம்பரை முன்சீப், கர்ணம் பதவிகள் 1980-ல் ஒழிந்து, அவ்விடத்தில் கிராம நிர்வாக அலுவலர்கள் ஏற்பட்டனர். ஊரில் தீ நேர்ந்தபின் நஷ்டத்தைக் கணக்கிடும் வேலை அவர்களைச் சேர்கிறது. அவ்வேலை குறைய வேண்டுமானால், தீ நேருமுன் சில காரியங்களை ஊராட்சியினருடனும் கோயில் விழாக் குழுவினருடனும் கலந்து செய்துவைப்பது தகும்.

ஆடி மாதம் பிறக்குமுன்னும், பொங்கலுக்கு முன்னும் சமையலிடங்களை ஒரு முறை பார்வையிட்டு, கூரையும் மின்கம்பியும் வைக்கோலும் அருகிலில்லை என்று தெரிந்துகொள்ளலாம். பந்தற்கால் நடும்போதே தீயணைப்பு வண்டி நுழையும் வழியை விட்டு நடச் சொல்லலாம். நெருங்கிய தெருக்களில் இந்த ஒன்றே பல வீடுகளைக் காக்கும். தீயணைப்புத் துறையின் 101 என்ற எண்ணைக் கோயிற்சுவரிலும் ஊராட்சிக் கட்டிடத்திலும் எழுதிவைக்கலாம். களங்களில் வைக்கோலை ஒரே பெரும்போராகப் போடாமல், இடைவெளிவிட்டு இரண்டு மூன்று போர்களாகப் போடும்படி நிலமுடையோருக்கு எடுத்துரைக்கலாம். ஒன்று பற்றினாலும் மற்றவை தப்பும்.

இங்கே கூறிய எவையும் பெருஞ்செலவு பிடிப்பவை அல்ல. ஒரு துணிக்கிழிசலும், சில செங்கல்லும், மூன்று வாளியும், ஒரு தகரமூடியும், பொறுப்பேற்கும் ஓர் ஆளும் இருந்தால் போதும். காற்றுக்குக் குறுக்காக அடுப்பு வைத்து, கூரைக்கு விலகி மூட்டி, தணல் ஆறிய பின்னரே இடம் விட்டுப் பெயர்வது என்னும் மூன்று பழக்கங்களையும் நிலமுடையோர் தங்கள் வீட்டு விசேஷங்களில் முதலில் கைக்கொண்டால், ஊரார் அதைப் பார்த்துத் தாமும் பின்பற்றுவர். வரும் ஆடிக்கு முன்னரே இதற்கான ஏற்பாடுகளைத் தொடங்குவது நலம்.